பதினான்காவது ஷரத்து

சோதனைக் காலம் முடிய இன்னும் மூன்று நாள்
என்கிறது திரையின் மூலையில் ஒரு சிவப்புப் பட்டை.
கிளைப்பேடா துறைமுகத்தில் ஜனவரி.
வெளியே கிரேன்கள் பனியைத் தூக்கி
பனியின் மேலேயே வைக்கின்றன.

என் வேலை இவ்வளவுதான்:
ரயில்வேக்காரர்கள் அனுப்பும் பட்டியலிலிருந்து
வேகன் எண்ணைப் பிடுங்கி
சுங்கத்தின் கட்டத்தில் நடுவது.
எட்டு இலக்கம். ஓர் இரவுக்கு நானூறு வேகன்.
திரையின் இரண்டு சன்னல்களும்
பேச்சை நிறுத்திய ஓரகத்திகள்;
நடுவில் தூது போகிறவள் நான்.

வைதோதாஸ் ஒரு பென் டிரைவை மேசையில் உருட்டினார்.
"பூட்டு உடைத்தது. காசில்லை.
இந்தக் குளிரில் யார் வந்து பார்க்கப் போகிறார்கள்?"
போன வருடம் அப்படி ஒன்றை ஏற்றித்தான்
கணக்குப் பிரிவு பதினோரு நாள்
கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தது.
ஏற்றியது யார் என்பதை நான் கிளறவில்லை.
"ரசீது வாங்கித் தருகிறேன்" என்றேன்.
நூற்று முப்பத்தொன்பது யூரோ. ஓர் ஆள், ஓர் இயந்திரம்.
சொத்தை மீனுக்கு முழு விலை கொடுப்பவர்போல
கையெழுத்துப் போட்டார்.

ஒப்பந்தம் பத்தொன்பது பக்கம்.
'ஏற்கிறேன்' பொத்தான் சாம்பலாகக் கிடந்தது,
அடிவரை உருட்டினால்தான் உயிர் வரும்.
உருட்டினேன்.
வாசித்தும் தொலைத்தேன்.

பதினான்காவது ஷரத்து:
இம்மென்பொருளை அணுமின் நிலையங்களின்
இயக்கத்தில் பயன்படுத்தலாகாது.

விசாகினாஸில் பிறந்தவள் நான்.
அணு உலைக்காகப் பைன் காட்டைத் திருத்திக் கட்டிய ஊர்.
உலையை நிறுத்திய பிறகும்
அப்பா ஷிப்டுக்குப் போய்க்கொண்டிருந்தார்,
நின்றதைப் பார்த்துக்கொள்ள.

தொலைபேசியில் படித்துக் காட்டினேன்,
ரஷ்ய மொழியில், சொல் சொல்லாக மாற்றி.
மறுமுனையில் கரண்டி கோப்பையைச் சுற்றுவது நின்றது.
"என்ன விலை?"
சொன்னேன்.
"அப்படியானால் சரியாகத்தான் எழுதியிருக்கிறான்."

இந்தக் கணினிக்கு இணையம் கிடையாது.
திரை ஒரு வேண்டுகோள் எண்ணைக் கொடுத்தது,
முப்பத்தாறு எழுத்து.
இடது உள்ளங்கையில் எழுதிக்கொண்டு
மூன்று மாடி இறங்கி
வாயிற்காவலர் அறைக் கணினியில் அடித்து
பதிலை மணிக்கட்டில் வாங்கி ஏறினேன்.
ஏற்கவில்லை.
வேர்வையில் ஓர் எட்டு மூன்றாகியிருந்தது.
மறுபடி மூன்று மாடி. காவலர் ரோமால்தாஸ்
இந்த முறை ஒரு காகிதம் கொடுத்தார்.

பச்சை.
உரிமதாரர்: ஸ்நெழானா க்ருக்லோவா.
இந்த நகரத்தில் என் பெயரை யாரும்
முதல் தடவையிலேயே பிழையில்லாமல் எழுதியதில்லை.
இதுவும் நான் அடித்துக் கொடுத்ததுதான்.

பதிவுப் பொத்தானை அழுத்திவிட்டு
பத்து வேகன் செய்து காட்டினேன்.
எடு, தாவு, நடு. எடு, தாவு, நடு.
ஏழாவதில் ஒரு கடற்பறவை கண்ணாடியில் மோதியது.
கை நின்றுபோனது, நான்கு நொடி.
பிறகு எட்டு, ஒன்பது, பத்து.

இப்போது அது ஓடுகிறது.
எலியை யாரும் தொடவில்லை, அம்பு மட்டும் போய் வருகிறது,
என் அவசரம், என் வளைவு,
பூஜ்யத்துக்கு முன்னால் என் சின்னத் தயக்கம் எல்லாவற்றோடும்.
ஒவ்வொரு ஏழாவது வேகனிலும் நிற்கிறது.
நான்கு நொடி.
நானூறு வேகனுக்கு நாற்பது முறை.

"அங்கே ஏன் நிற்கிறது?" என்றார் வைதோதாஸ்.
"பறவை."
என் முகத்தையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தார்.

அழிக்க ஒரே ஒரு வரிதான்.
ஒப்பந்தத்தை இன்னொரு தரம் புரட்டினேன்:
நிற்கக் கூடாதென்று எங்கேயும் இல்லை.

விடிந்ததும் இறங்கிப்போய்ச்
சன்னலுக்கு நேர்கீழே தேடினேன்.
பனியில் ஒரு சிறு பள்ளம்,
அதிலிருந்து தண்டவாளம் வரைக்கும்
மூவிரல் தடங்கள்.